இரண்டு இலியமும் ஒரு ஐலெக்ஸும்

நான் கோவையில் மெடிக்கல் டிரான்ஸ்கிரிப்ஷன் வேலை பார்க்கிறவள். அமெரிக்க டாக்டர்கள் பேசிப் பதிந்து அனுப்புவதை ஹெட்போனில் கேட்டு, காலால் பெடலை அழுத்தி நிறுத்தி நிறுத்தி டைப் அடிக்கிற வேலை. இப்போதெல்லாம் மென்பொருளே முதல் வரைவைப் போட்டுத் தந்துவிடுகிறது, நாங்கள் திருத்துகிறோம். அதில் எனக்குப் பிடித்த தலைவலி இலியம்.

இலியம் இரண்டு உண்டு. ஒன்று சிறுகுடலின் கடைசிப் பகுதி. பள்ளியில் பின்சிறுகுடல் என்று படித்தோமே, அது. இன்னொன்று இடுப்பெலும்பின் அகன்ற மேல்பாகம். இடுப்பில் குடம் வைக்கிறவர்களுக்கு அதன் விளிம்பு நன்றாகவே தெரியும். ஆங்கிலத்தில் நடுவில் ஓர் எழுத்துதான் வித்தியாசம்: குடலுக்கு ‘ஈ’, எலும்புக்கு ‘ஐ’. காதுக்கு இரண்டும் ஒன்றே. தமிழில் எழுதினால் அந்த வித்தியாசமும் போச்சு. ஸ்பெல் செக்கரும் கண்டுகொள்ளாது, இரண்டும் சரியான சொல்தானே.

அதனால் முன்னும் பின்னும் கேட்க வேண்டும். ‘டெர்மினல்’ என்று முன்னால் வந்தால் குடல். பெருங்குடலோடு சேரும் அந்த முனையில்தான் வைட்டமின் பி12 உறிஞ்சப்படுகிறது. பித்த உப்புகளில் பெரும்பகுதியும் அங்கேதான் திரும்ப உள்ளே போகிறது. குடலை அழற்சியால் புண்ணாக்கும் க்ரோன் நோய் அடிக்கடி பிடிக்கிற இடமும் அதுதான். அங்கே கணிசமாக வெட்டி எடுத்தவர் என்றால், கீழே மருந்துப் பட்டியலில் பி12 ஊசி இருக்கிறதா என்று என் கண் தானாகப் போகும். பின்னால் ‘க்ரெஸ்ட்’ வந்தால் எலும்பு. மஜ்ஜைப் பரிசோதனைக்குப் பெரும்பாலும் அங்கேதான் ஊசி இறங்கும். முதுகில் மயக்க ஊசி போடுகிறவர்களும் இரண்டு பக்கத்து மேட்டையும் தொட்டுப் பார்த்துத்தான் நான்காவது இடுப்பு முள்ளெலும்பைக் கண்டுபிடிப்பார்கள்.

நிஜமாகவே குழப்புவது ‘ரைட் இலியாக் ஃபோசா’. வலது அடிவயிறு, குடல்வால் வலி வந்து உட்காரும் இடம். புதிதாகச் சேரும் பிள்ளைகள், “அக்கா, வலிக்கிறது குடல்தானே, ‘ஈ’ போட்டால் என்ன?” என்று கேட்பார்கள். நியாயமான கேள்விதான். பின்சிறுகுடலின் கடைசி முனை கிடப்பதும் அங்கேதான். ஆனால் ‘ஃபோசா’ என்றால் பள்ளம், அந்தப் பள்ளம் எலும்பினுடையது. வீடு எலும்பு பெயரில், குடல் வெறும் குடித்தனக்காரர்.

அப்புறம் ஐலெக்ஸ். இது குடலும் இல்லை, எலும்பும் இல்லை, மரம். ஒரு நோயாளியின் பழக்கவழக்கப் பகுதியில் ‘தினமும் மாத்தே குடிக்கிறார்’ என்று வந்தது. தென் அமெரிக்காவில் சுரைக்குடுவையில் உலோகக் குழல் போட்டு உறிஞ்சும் பானம். ஐலெக்ஸ் பராகுவாரியென்சிஸ் என்ற மரத்தின் இலை, காஃபின் உள்ளது. கிறிஸ்துமஸுக்குத் தொங்கவிடும் ஹோலி என்ற முள் இலைச் செடியும் இதே பேரினம். ரோமானியர்கள் ஐலெக்ஸ் என்று சொன்னது என்னவோ ஒரு வகை ஓக் மரத்தை. தாவரங்களுக்குப் பெயர் வைத்த லின்னேயஸ் 1753-இல் அந்தப் பெயரை எடுத்து ஹோலிக்கு வைத்துவிட்டார். இதே குடும்பத்தில் ‘வாமிட்டோரியா’ என்று ஒரு பாவப்பட்ட செடியும் இருக்கிறது. வட அமெரிக்கப் பழங்குடிகள் சடங்கில் அதன் கஷாயத்தைக் குடித்து வாந்தி எடுத்ததை வெள்ளைக்காரர்கள் பார்த்தார்கள், பழி இலை மேல் விழுந்தது. இன்றும் அதைத் தேநீராகக் குடிக்கிறார்கள், யாருக்கும் குமட்டுவதில்லை.

நம் நீலகிரிச் சோலைகளிலும் ஒரு ஐலெக்ஸ் உண்டு: ஐலெக்ஸ் வைட்டியானா. கிறிஸ்துமஸ் அட்டையில் வரும் முள் இலையைத் தேடினால் ஏமாந்துபோவீர்கள். இலை ஓரம் மழுமழுவென்று இருக்கும், பழம் மட்டும் அதே சிவப்பு. பெயருக்குரியவர் ராபர்ட் வைட், கிழக்கிந்தியக் கம்பெனியின் சர்ஜன். 1840-களில் எங்கள் கோவையில் அமெரிக்கப் பருத்தியைப் பயிரிட்டுப் பார்க்கும் பொறுப்பில் இருந்தார். குடல், எலும்பு, மரம் மூன்றையும் பிழையில்லாமல் எழுதியிருக்கக்கூடிய ஆள். செடிகளை வரைந்து கொடுத்தவர்கள் ரங்கையா, கோவிந்து என்ற நம்மூர் ஓவியர்கள். கோவிந்துவின் பெயரை ஓர் ஆர்க்கிட் பேரினத்துக்கே வைட் சூட்டினார், கோவிந்தூயியா என்று. பிற்பாடு அதை வேறொரு பேரினத்தோடு சேர்த்துவிட்டார்கள்.