செக்ரோலில் இல்லாத வேலை

ஆகஸ்ட் மாதம் இலங்கை மலையகத்தின் மேற்குப் பக்கம், ஹட்டனில் இருக்கும் சொந்தக்காரர்களுக்குப் போன் எடுத்தால், "இங்க ஒரே மழை" என்பார்கள். அதே நாளில் எங்கள் ஊவாப் பக்கம் பீலியில் தண்ணீர் நூலாக விழும். தென்மேல் பருவக்காற்று மழையையெல்லாம் நுவரெலியாவுக்கு அந்தப் பக்கமே கொட்டித் தீர்த்துவிட்டு, இந்தப் பக்கம் வெறும் கச்சானாக, வறண்ட காற்றாக இறங்குகிறது. பண்டாரவளை, அப்புத்தளை, எல்ல மலைகளில் மானாப்புல் அப்போது தொட்டால் ஒடியும். மின்னல் விழுந்து பிடித்த தீயை நான் கண்டதில்லை. மாட்டுக்குப் புதுப்புல் முளைக்கட்டும் என்று வைப்பார்கள், வேட்டைக்காக வைப்பார்கள், பீடித்துண்டை வீசுவார்கள்.

அந்த வருடம் நான் ஒரு தேயிலைத் தோட்டத்தில் செக்ரோல், அதாவது தொழிலாளர்களின் வேலைநாள், சம்பளப் பதிவேடு எழுதிக்கொண்டிருந்தேன். எங்கள் கடைசித் தேயிலை மலைக்கு மேலே அரசாங்கத்தின் பைனஸ் (பைன் மர) காடு. 1970களிலிருந்து வெறும் புல்வெளியில் நட்டு வளர்த்த மரங்கள். அடியில் ஊசியிலை கணுக்கால் புதையக் கிடக்கும், அதில் பிசின் வேறு. அங்கேதான் புகை கிளம்பியது. கொழுந்துக்குப் போயிருந்தவர்களைப் பத்து மணிக்கே திருப்பி அழைத்தோம். ஆணும் பெண்ணுமாக 40 பேர். கையில் மம்பட்டி, கவ்வாத்துக் கத்தி, பச்சைக் கிளை. விமானப்படை ஹெலிகாப்டர் வாளி கட்டித் தண்ணீர் ஊற்றுவதை டிவியில் பார்த்திருக்கிறோம்; அன்று எங்கள் மலைக்கு அது வரவில்லை.

மேலே ஏறி நின்று அணைக்கலாம் என்று நான் கிளம்பியபோது பழைய கங்காணி ஒருவர் மறித்தார். "ஐயா, நெருப்புக்கு மேல நிக்கப்படாது. அது நம்மள விட வேகமா ஏறும்." சரிவு 10 பாகை கூடினால் தீயின் வேகம் ஏறக்குறைய இரண்டு மடங்காகும் என்று பிறகு படித்துத் தெரிந்துகொண்டேன். அவர் எதையும் படித்தவரல்ல.

ஆகவே கீழ் விளிம்பில், தேயிலைக்கு மேலாக, ஊசியிலையை வழித்தெடுத்து மண் தெரிகிற வரை ஆறடி அகலத்துக்கு வெட்டிக்கொண்டே போனோம். அப்போதுதான் மேலிருந்து ஒரு பைனஸ் காய், உடம்பெல்லாம் நெருப்பாக உருண்டு வந்து, நாங்கள் வெட்டிய இடத்தைத் தாண்டிக் குதித்தது. ஓர் அக்கா படங்குச் சாக்கை நனைத்து அதன்மேல் போட்டு அமுக்கினார். அதற்குப் பிறகு பத்துப் பேரைக் காய் பார்க்கவே நிறுத்த வேண்டியதாயிற்று.

மாலையில் சுவாலை இல்லை, புகையும் குறைவு. அணைந்துவிட்டது என்று எல்லாரையும் லயத்து வீடுகளுக்கு அனுப்பியது நான்தான். இரவு இரண்டு மணிக்கு மலையில் சிவப்புக் கோடு. பொழுது சாய்ந்தால் காற்று மேலிருந்து கீழே இறங்கும் என்பதை நான் நினைக்கவில்லை. ஊசியிலைக்கு அடியில் தீ ஊர்ந்துகொண்டிருந்ததும் தெரியவில்லை. விடிந்ததும் கங்காணி சாம்பலுக்கு மேல் புறங்கையைப் பிடித்துப் பிடித்து நடந்தார். சூடு தெரிந்த இடத்தைக் காட்டுவார், அங்கே கொத்திக் கிளறுவோம். மூன்றாம் நாள்தான் கை சுடவில்லை. அதற்குள் மேலே இரண்டு முகடு கருகிப் போயிருந்தது.

அப்புறம் வந்தது என் வேலை. அந்த மூன்று நாளுக்குப் பேர், அதாவது நாள் சம்பளக் கணக்கு, எப்படிப் போடுவது? கொழுந்து ஒரு கிலோ இல்லை. காடு தோட்டத்துக்குச் சொந்தமில்லை. ஆபீசில் அரைப்பேர் போடச் சொன்னார்கள். இரவு முழுக்கப் புகை குடித்தவர்களுக்கு அரைப்பேரா? எனக்குக் கை வரவில்லை. வெட்டியது ஆறடி அகல வாய்க்கால்தானே என்று "கான் வெட்டு" என எழுதி, 40 பேருக்கும் முழுப்பேர் போட்டேன்.

மாதக் கடைசியில் தோட்டத்து மேலாளரான பெரிய துரை கூப்பிட்டு, மழையே இல்லாத மாதத்தில் மலை உச்சியில் என்ன கான் என்று கேட்டார். தண்ணீர் போகிற கான் இல்லை, நெருப்பை நிறுத்துகிற கான் என்றேன். பக்கத்தைத் திருப்பினார். நான் போட்ட பேரை வெட்டவில்லை.