ஒரு கல்வியாண்டு, மூன்று கேமரா

பிரெஞ்சு இயக்குநர் லோரான் கான்தேயின் 'ஆந்த்ர் லெ முர்' (சுவர்களுக்கு நடுவே) படத்தைப் பார்த்துவிட்டு, "ஒரு வகுப்பறையில் கேமராவை ஒளித்து வைத்து எடுத்தார்களோ?" என்று கேட்பவர்கள் உண்டு. 2008இல் கான் திரைப்பட விழாவின் உயரிய விருதான தங்கப்பனையை வாங்கிய இது முழுக்க முழுக்கக் கதைப்படம். அந்த இயல்பு தானாக அமைந்ததில்லை. படப்பிடிப்புக்கு முன்பே அதற்காக ஒரு கல்வியாண்டு செலவானது.

பாரிஸின் 20ஆவது வட்டாரத்தில் உள்ள ஒரு பள்ளியில் வாராவாரம் புதன் மதியம் நடிப்புப் பட்டறை நடந்தது. வர விருப்பம் இருந்தால் போதும். சுமார் 50 பேர் எட்டிப் பார்த்தார்கள். விடாமல் வந்த 25 பேர்தான் நாம் படத்தில் பார்க்கும் வகுப்பு. ஆசிரியராக நடித்த பிரான்சுவா பெகோதோ, மூலநாவலை எழுதியவர். பள்ளியில் பாடம் நடத்திப் பழகியவர்.

பிள்ளைகள் கையில் திரைக்கதை தரவில்லை. எல்லாம் இதில்தான் இருக்கிறது. காட்சி எங்கே போய் முடிய வேண்டும் என்று பெகோதோவுக்குத் தெரியும். பாடம் நடத்துகிற சாக்கில் பேச்சை அந்தப் பக்கம் இழுத்துக்கொண்டு போவார். அதாவது, காட்சிக்குள் இருந்தபடியே ஒருவர் இயக்குகிறார். ஒரு டேக், அதாவது கேமராவை நிறுத்தாமல் எடுக்கும் ஒரு துண்டு, 20 நிமிடம் வரை ஓடும். 35 மி.மீ. ஃபிலிமில் ஆயிரம் அடிச் சுருள் 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும். விவாதம் சூடு பிடிக்கும்போது நிறுத்த வேண்டிவரும். டிஜிட்டல் கேமராவில் அந்தத் தொல்லை இல்லை.

கேமரா மூன்று. ஒன்று ஆசிரியர் மேல், இன்னொன்று பேசுகிற மாணவர் மேல். மூன்றாவதுக்குத்தான் சிரமமான வேலை: அடுத்து வாய் திறக்கப்போவது யார், கடைசி வரிசையில் கவனம் சிதறுவது யார் என்று மோப்பம் பிடிக்க வேண்டும். மூன்றும் வகுப்பின் ஒரே பக்கத்தில் நின்றன; ஆசிரியர் இடப்பக்கம், மாணவர்கள் வலப்பக்கம். ஒன்றின் பார்வையில் இன்னொன்று விழாது, வெட்டி ஒட்டும்போது பார்வைத் திசையும் குழம்பாது. கான்தே இதை டென்னிஸ் ஆட்டத்துக்கு ஒப்பிட்டிருக்கிறார்.

ஒற்றைக் கேமராவை வைத்து இதே முறையில் எடுக்கப் போனால் அடி விழுவது இங்கேதான். எதிர்பாராமல் ஒரு பெண் குறுக்கே பேசுவாள். கேமரா திரும்புவதற்குள் அவள் முடித்திருப்பாள். "இன்னொரு தடவை சொல்லும்மா" என்றால் வருவது ஒப்பிப்பு.

ஒரு காட்சியைப் பாருங்கள். கரும்பலகையில் ஆசிரியர் எழுதும் உதாரண வாக்கியத்தில் 'பில்' என்று ஒரு பெயர். எப்போதும் ஏன் இந்த மாதிரி வெள்ளைக்காரப் பெயரே, எங்கள் பெயர்கள் ஏன் வருவதில்லை என்று மாணவிகள் பிடித்துக்கொள்கிறார்கள். பாடம் அப்படியே நிற்கிறது. மடக்கும் பெண்ணின் முகம், பதில் தேடும் ஆசிரியர், வேடிக்கை பார்க்கும் மற்றவர்கள் எல்லாமே ஒரே மூச்சில் கிடைத்தால்தான் இந்தக் காட்சி நிற்கும்.

பிள்ளைகள் தங்களையே நடித்தார்கள் என்பதும் தவறு. முரட்டு மாணவன் சுலைமானாக வரும் பையன் நிஜத்தில் சாது. அந்தக் கோபம் பட்டறையில் கட்டப்பட்டது. அவன் ஆசிரியரை 'நீ' என்று பேசிவிடும் இடத்தில் வகுப்பே மாறிப்போகிறது. பிரெஞ்சிலும் 'நீ', 'நீங்கள்' வேறுபாடு உண்டு. ஆங்கிலத் துணையுரையில் அது தொலைந்துவிடுகிறது. நமக்கு விளக்கவே வேண்டாம். பிறகு ஒழுங்கு விசாரணையில், பிரெஞ்சு தெரியாத தாய் தன் மகனுக்காகப் பரிந்து பேசுகிறாள். அதை மொழிபெயர்க்க அங்கே இருப்பவன் அவன் ஒருவன்தான்.