வெபேரை எடுத்துக்கொண்டு வாய்மொழித் தேர்வுக்குப் போனேன்

பாரிஸில் சினிமா படித்தபோது, ஒரு திரைக்கதையாளரை எடுத்துக்கொண்டு 15 நிமிடம் பேச வேண்டிய வாய்மொழித் தேர்வு ஒன்று இருந்தது. பேசி முடித்ததும் கேள்விகள். நான் பிரெஞ்சு நகைச்சுவைப் படங்களின் திரைக்கதையாளர் ஃபிரான்சிஸ் வெபேரைத் தேர்ந்தெடுத்தேன். நகைச்சுவைதானே, சுலபம் என்று நினைப்பு.

ஒத்திகையில் வாழ்க்கை வரலாற்றை ஒப்பித்தேன். 1937இல் நெய்யியில் பிறந்தார், தாத்தா பியேர் வெபேர் நாடகாசிரியர், மருத்துவம் படிக்கப் போய் விட்டுவிட்டார், வானொலியில் செய்தியாளராக இருந்தார், 1972இல் ‘உயரமான பொன்முடிக்காரன்’ படத்துக்கு எழுதினார். இப்படியே போனேன். பாதியிலேயே ஆசிரியர் ஜன்னல் பக்கம் திரும்பிவிட்டார். போதாததற்கு, ‘லா ஷெவ்ர்’ (1981) படத்தில் நடிகர் பியேர் ரிஷார் பினியோன் என்ற பாத்திரமாக வருகிறார் என்றும் சொல்லிவைத்தேன். அதில் அவர் பெயர் பெர்ரான். மானம் போயிற்று.

வெபேரை எடுப்பவர்கள் முதலில் இந்த ஒரு குழப்பத்தைத் தீர்த்துக்கொள்ளுங்கள். அவருடைய அப்பாவி நாயகனுக்கு ஃபிரான்சுவா பெர்ரான், ஃபிரான்சுவா பினியோன் என்று இரண்டு பெயர்கள் மாறி மாறி வரும். பினியோனாக 1973இல் ஜாக் ப்ரெல், 1998இல் ஜாக் வில்ரே, 2001இல் தானியேல் ஓதெய் நடித்தார்கள். பியேர் ரிஷார் மட்டும் இரண்டு பெயரிலும் வருகிறார். ஒரு தாளில் கட்டம் போட்டு எழுதிச் சுவரில் ஒட்டிவிட்டேன்.

அப்புறம் வழியை மாற்றினேன். வாழ்க்கையை விட்டுவிட்டு ஒரே ஒரு காட்சியை எடுத்துக்கொண்டேன். வில்ரே நடித்த அந்த 1998 படமான ‘லெ தினே தெ கோன்’ (‘முட்டாள்கள் விருந்து’) படத்தில் பதிப்பாளர் ப்ரோஷானுக்கு முதுகு பிடித்துக்கொண்டு எழ முடியாது. மனைவியும் வீட்டை விட்டுப் போய்விட்டாள். அவள் எங்கே என்று விசாரிக்க, தீக்குச்சியில் ஈஃபில் கோபுரம் கட்டும் பினியோனை விட்டு லெப்லான் என்பவருக்குப் போன் போடச் சொல்கிறார். லெப்லானின் முதல் பெயர் ஜுஸ்ட். பிரெஞ்சில் ஜுஸ்ட் என்றால் ‘வெறும்’ என்றும் பொருள். ‘அவர் பெயர் ஜுஸ்ட் லெப்லான்’ என்று சொன்னால், பினியோன் ‘அப்படியா, முதல் பெயரே இல்லையா?’ என்கிறான். போனில் அவன் பெல்ஜியத் தயாரிப்பாளராக நடித்து, ஒரு நாவலின் உரிமையைப் பேரம் பேச வேண்டும். பேரத்தில் லயித்துப்போய் உரிமை கிடைத்துவிட்டது என்று குதிக்கிறான்; மனைவியைப் பற்றிக் கேட்கவே இல்லை!

இந்தக் காட்சியை நிறுத்தி நிறுத்தி எழுதிப் பார்த்தேன். மூன்றாவது தடவைதான் ஒன்று புரிந்தது. பினியோன் சோம்பேறித்தனமாக எதையும் கெடுப்பதில்லை, கொடுத்த வேலையை அளவுக்கு மீறி ஈடுபாட்டோடு செய்கிறான். அதனால்தான் கெடுகிறது. இது கையில் கிடைத்ததும் வாழ்க்கைத் தகவல்கள் தானாக வந்து ஒட்டிக்கொண்டன. 1993இல் மேடை நாடகமாக வந்தபோதும் வில்ரேதான் பினியோன்; ஐந்து வருடம் கழித்துப் படமானபோது வசனம் அத்தனை இறுக்கமாக இருப்பதற்கு அந்த மேடைப் பழக்கமும் ஒரு காரணம் என்று வாதாடினேன். திரைக்கதைக்கு பிரெஞ்சு சினிமாவின் செஸார் விருதும் கிடைத்தது.

ஹாலிவுட் பகுதியை இரண்டு நிமிடத்தில் முடித்தேன். அவர் கதைகள் பல அங்கே மறுபடி எடுக்கப்பட்டன. ஒன்றை 1989இல் அவரே போய் இயக்கினார். பட்டியலை நீட்டினால் நேரம்தான் போகும்.

தேர்வில் வந்த முதல் கேள்வி: “ஜுஸ்ட் என்ற சிலேடையை உங்கள் மொழியில் எப்படிக் கொண்டுவருவீர்கள்?” முடியாது என்றேன். “வேறு பெயர் வைக்க வேண்டும், அந்தப் பெயருக்காக வசனத்தையே மாற்ற வேண்டும்.” ஆசிரியர் சிரித்தார். 20க்கு 14 போட்டார்.