கிசோ பள்ளத்தாக்கிலிருந்து கொகயாமா வரை: ஐந்து நாள் குறிப்பு

2024 அக்டோபர் 21, திங்கள் – சுமாகோ

ஜப்பானின் நகோயாவில் காலை ஏழரை மணிக்குப் புறப்பட்ட சிற்றுந்தில், வழிகாட்டியையும் ஓட்டுநரையும் நீக்கிப் பார்த்தால், பதினொரு பேர் இருந்தோம். அக்காவும் நானும் மட்டுமே தமிழ் பேசுபவர்கள். பழைய ஊர்களைப் பார்க்க வேண்டும் என்று அக்காவிடம் நான் இரண்டு ஆண்டுகளாகச் சொல்லிக்கொண்டிருந்தேன். மொழி தெரியாத மலைப் பகுதியில் இரண்டு பெண்கள் பேருந்து மாறி மாறி அலைய முடியாது என்று அவள் பிடிவாதமாக நின்றதால்தான் வழிகாட்டியோடு கூடிய இந்தச் சிறிய சுற்றுலாவில் சேர்ந்தோம்.

எடோ என்று முன்பு அழைக்கப்பட்ட இன்றைய டோக்கியோவையும் கியோட்டோவையும் மலைகளின் ஊடாக இணைத்த நகசெண்டோ என்னும் பெருவழி சுமார் 530 கிலோமீட்டர் நீளமுடையது. அதில் 69 சாவடி ஊர்கள் இருந்தன. களைத்த குதிரையையும் சுமைகாரனையும் மாற்றிக்கொள்வதற்கும், இரவு தங்குவதற்கும், அரசு ஓலைகளை அடுத்த ஊருக்குக் கைமாற்றுவதற்கும் ஏற்பட்ட ஊர்கள் இவை. சிற்றரசர்கள் குறித்த காலத்துக்கு ஒருமுறை எடோவுக்கு வந்து தங்க வேண்டும், அவர்களுடைய மனைவி மக்கள் அங்கேயே பிணை போல இருக்க வேண்டும் என்று ஷோகுன் என்னும் படைத்தலைவரின் ஆட்சி விதித்திருந்ததால், இந்த வழியில் பரிவாரங்களின் நடமாட்டம் ஓயாமல் இருந்தது. சிற்றரசர் தங்கிய மாளிகைக்கு ஹொன்ஜின் என்றும், அவருக்கு அடுத்த நிலையில் இருந்தவர்கள் தங்கியதற்கு வாகி-ஹொன்ஜின் என்றும் பெயர்.

இன்று பார்த்தவை 43ஆவது ஊரான மகோமேயும் 42ஆவது ஊரான சுமாகோவும். மகோமே சரிவில் ஏறும் ஒற்றைத் தெரு. கல் பாவிய பாதை, இருபுறமும் கருத்த மரச் சுவர்கள், நீர்ச்சக்கரம் என்று எல்லாம் படத்தில் பார்த்தது போலவே இருந்ததால் எனக்குச் சிறிது ஐயம் தோன்றியது. அது வீண் ஐயமன்று. 1895இலும் 1915இலும் நேர்ந்த பெருந்தீயில் ஊர் எரிந்துபோனதாகவும், இப்போது நிற்கும் கட்டடங்கள் பெரும்பாலும் அதற்குப் பின் எழுந்தவை என்றும் வழிகாட்டி மறைக்காமல் சொன்னார்.

மகோமேயிலிருந்து சுமாகோவுக்குப் பழைய வழியிலேயே எட்டு கிலோமீட்டர் நடக்கலாம். முழங்கால் வலியுள்ள அக்கா, "நீ நடந்து வா, நான் உனக்கு முன்னால் போய்க் காபி குடித்துக்கொண்டிருக்கிறேன்" என்று சிற்றுந்திலேயே இருந்துவிட்டாள். சுமார் 790 மீட்டர் உயரமுள்ள கணவாய் வரைதான் ஏற்றம். அதன் பின் சுமாகோ வரை இறக்கம். கரடிக்கு நம் வரவை அறிவிப்பதற்காகப் பாதையோரம் ஆங்காங்கே மணிகளைத் தொங்கவிட்டிருக்கிறார்கள். ஒவ்வொன்றையும் கடமை தவறாமல் அடித்துக்கொண்டே நடந்தேன். நடுவழியில் ஒரு பழைய தேநீர் விடுதியில் கணப்பு எரிந்துகொண்டிருந்தது. வருவோருக்கு ஊர்க்காரர்கள் விலையின்றித் தேநீர் தருகிறார்கள். கூரையின் அடிப்புறம் புகை படிந்து தார் பூசியது போல மின்னியது.

காட்டில் நின்ற ஹினொகி என்னும் ஜப்பானிய சைப்ரஸ் மரங்களைப் பற்றியும் எழுதி வைக்க வேண்டும். ஷோகுன் ஆண்ட எடோ காலத்தில் ஹினொகி, சவாரா, அசுனாரோ முதலிய ஐந்து வகை மரங்களை இந்தக் கிசோ பள்ளத்தாக்கின் மக்கள் வெட்டக் கூடாது. "ஒரு மரத்துக்கு ஒரு தலை" என்பது அக்காலத் தண்டனையைக் குறித்து இங்கே வழங்கும் சொல். மரக் காட்டின் நடுவில் பிறந்தவனுக்கு மரம் அந்நியம்! சுமாகோவின் வாகி-ஹொன்ஜின் 1877இல் முழுக்க ஹினொகியால் திருப்பிக் கட்டப்பட்டதன் பொருள் இதைக் கேட்ட பிறகுதான் எனக்கு விளங்கியது. தடை நீங்கியவுடன் அந்தக் குடும்பத்தார் தம் ஆசையைத் தீர்த்துக்கொண்டிருக்கிறார்கள்.

இரவு உணவில் மீன்சாறு சேர்க்க வேண்டாம் என்று வழிகாட்டி முன்கூட்டியே சொல்லி வைத்திருந்தார். மசித்த சோற்றைக் குச்சியில் பிடித்து, அக்ரூட் பருப்பும் எள்ளும் அரைத்த சாந்தைத் தடவி வாட்டிய கொஹெய்-மோச்சியையே நாங்கள் இருவரும் உணவாக்கிக்கொண்டோம். சுங்கி என்னும் கீரை ஊறுகாயையும் சிறிது வைத்தார்கள். உப்பில்லாமல் புளிக்க வைப்பது அதன் தனித்தன்மை. கடலிலிருந்து மலையேறி வந்த உப்பு விலை மிகுந்ததாக இருந்த காலத்தின் வழக்கமாம். அக்கா ஒரு வாய் தின்றுவிட்டு மௌனமானாள்.

2024 அக்டோபர் 22, செவ்வாய் – நராய், பிறகு தகயாமா

விடுதியில் தங்கியதன் பயன் காலை ஆறு மணிக்குத்தான் தெரிந்தது. பகல் பயணிகள் வந்து சேராத சுமாகோ தெருவில் ஒரு முதியவர் வாசலைப் பெருக்கிக்கொண்டிருந்தார். வேறு அரவமே இல்லை. மின்கம்பிகள் வீடுகளின் பின்புறமாகக் கொண்டுபோகப்பட்டிருப்பதால் தெருவுக்கு மேல் வானம் வெட்டில்லாமல் தெரிகிறது. பகல் நேரத்தில் முதன்மைத் தெருவுக்குள் வண்டிகள் வரக் கூடாது.

இந்த ஊர் பிழைத்த கதைதான் எனக்கு இதுவரையில் மிகவும் பிடித்தது. 1911இல் நிறைவுற்ற சூவோ இருப்புப்பாதை சுமாகோவைத் தொடாமல் போனதால், நடந்து போவோரை நம்பியிருந்த ஊர் வறுமையில் ஆழ்ந்தது. புதிதாகக் கட்டக் காசில்லாமல் பழைய வீடுகள் அப்படியே நின்றன, இளைஞர்கள் வெளியேறினார்கள். 1968இல் சீரமைப்பு தொடங்கியது. 1971இல் ஊரார் கூடித் தங்களுக்குள் ஒரு சாசனம் செய்துகொண்டார்கள்: விற்பதில்லை, வாடகைக்கு விடுவதில்லை, இடிப்பதில்லை. நாடு தழுவிய பழங்கட்டடப் பாதுகாப்பு வட்டங்களின் முதல் பட்டியல் 1976இல் வெளிவந்தபோது அதன் ஏழு இடங்களில் சுமாகோவும் ஒன்று. ஆனால் இங்கும் எல்லாம் பழையதன்று. ஹொன்ஜின் 1995இல் பழைய வரைபடத்தைக் கொண்டு மீண்டும் கட்டப்பட்டது. நேற்று மகோமேயைப் போலி என்று மனத்துக்குள் ஒதுக்கியதற்காக இன்று சற்று வெட்கப்பட்டேன். எரிந்த ஊரைக் கட்டியதும் இடிந்த மாளிகையைக் கட்டியதும் ஒரே வேலைதான்.

34ஆவது ஊரான நராய் சுமார் ஒரு கிலோமீட்டர் நீளத் தெரு. மேல்மாடி கீழ்த்தளத்தைவிடத் தெருப்பக்கம் சற்றுத் துருத்தி நிற்பது இவ்வூர் வீடுகளின் அடையாளம். பக்கத்து மலைக் கணவாய்க்கு அப்பால் உள்ள யபுஹாராவில் செய்யப்படும் நுண்பல் மரச்சீப்பு ஒன்றை அக்கா வாங்கினாள். பிற்பகல் முழுவதும் மலைச்சாலைப் பயணம். கைதா மேட்டுநிலத்தில் ஒன்தாகே எரிமலை மேகமின்றித் தெரிந்தது. 2014 செப்டம்பரில் அது திடீரென வெடித்ததில் மலையேறிகள் 58 பேர் இறந்தார்கள், ஐவரின் உடல் கிடைக்கவே இல்லை. வண்டிக்குள் சிறிது நேரம் யாரும் பேசவில்லை.

2024 அக்டோபர் 23, புதன் – தகயாமா

இது கிராமமன்று, வணிகர் நகரம். 1692இல் ஷோகுன் ஆட்சி இங்கிருந்த சிற்றரசரை இடம் மாற்றிவிட்டு, தகயாமா அடங்கிய ஹிதா நாட்டைத் தன் நேரடி ஆளுகையில் எடுத்துக்கொண்டது; மலையின் மரமும் தாதுப்பொருளும்தான் அதன் நோக்கம். அதன் அலுவலகமான ஜின்யா இன்றும் நிற்கிறது. ஆணித்தலைகளை மறைக்க முயல் வடிவில் உலோக மூடிகள் பொருத்தியிருக்கிறார்கள். வரி நெல்லைச் சேர்த்து வைத்த கிடங்கும் விசாரணை நடந்த இடமும் அந்த ஒரே வளாகத்தில்தான் இருந்தன.

சன்மாச்சி தெருக்களில் மது வடிக்கும் கடைகளின் முகப்பில் தேவதாரு இனத்து இலைகளைக் கட்டிச் செய்த பெரிய உருண்டை தொங்குகிறது. புது மது வடித்தவுடன் பச்சையாகத் தொங்கவிடுவார்கள். அது பழுப்பாக மாற மாற உள்ளேயிருக்கும் மதுவும் முதிர்கிறது என்று பொருள். இப்போது எல்லாம் பழுப்புதான். பகல் பதினொரு மணிக்குமேல் இத்தெருக்களில் தோளோடு தோள் உரசித்தான் நடக்க முடிந்தது. அதைப் பற்றி எழுத ஒன்றுமில்லை.

நான் நின்று பார்த்தது குசகாபே குடும்பத்து வீட்டை. 1875இன் தீயில் அழிந்து 1879இல் மீண்டும் எழுந்த இவ்வீட்டில், மண்தரை முற்றத்துக்கு மேலே விட்டமும் குறுக்குச் சட்டமும் ஒன்றையொன்று கவ்விக்கொண்டு முகடு வரை திறந்தே நிற்கின்றன. 8ஆம் நூற்றாண்டுச் சட்டத்தொகுப்பிலேயே ஹிதா நாட்டுக்குத் தனி விதி இருந்தது. மற்ற நாடுகள் துணியும் விளைபொருளும் வரியாகச் செலுத்த, ஹிதாவின் ஒவ்வொரு ஊர்ப்பிரிவும் பத்துத் தச்சர்களைத் தலைநகருக்கு அனுப்பினால் போதும். நெல் விளையாத மலைநாடு தன் கைவேலையையே வரியாகக் கொடுத்திருக்கிறது. இருபது ஆண்டுகள் கட்டட வரைபட மேசையில் அமர்ந்து வேலை பார்த்தவள் நான். அந்த விட்டங்களின் பொருத்துகளை அண்ணாந்து எண்ணிக்கொண்டே நின்றதில் கழுத்து வலித்தது. "எண்ணியது போதும், வா" என்று அக்கா கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனாள்.

2024 அக்டோபர் 24, வியாழன் – ஷிரகவாகோ

இந்தச் சுற்றுலாவில் எனக்கு உள்ள ஒரே மனக்குறையை முதலில் எழுதிவிடுகிறேன். ஷிரகவாகோவின் ஓகிமாச்சி கிராமத்துக்கு எங்களுக்கு ஒதுக்கப்பட்ட நேரம் ஒரு மணி பதினைந்து நிமிடம். நினைவுப் பொருள் விற்கும் ஒரு கடையில் நாற்பது நிமிடம் நிறுத்தியவர்கள் இங்கே கைக்கடிகாரத்தைக் காட்டினார்கள்.

செங்குத்தாகச் சரியும் புல் கூரைகள் இங்கே கும்பிட்ட கைகளைப் போல நிற்பதால் இக்கட்டட முறைக்குக் கஸ்ஷோ என்று பெயர். கூரைச் சரிவு ஏறத்தாழ 60 பாகை. இரண்டு மீட்டருக்கு மேல் பனி குவியும் இடத்தில் கூரை பனியைத் தாங்க நினைத்தால் முறிந்துவிடும், வழுக்கி விழச் செய்வதே அறிவு. முகப்புகள் பெரும்பாலும் வடக்கும் தெற்கும் நோக்கியிருப்பதால் பள்ளத்தாக்கின் காற்று கூரைச் சரிவில் மோதாமல் ஒதுங்கிப் போகிறது. இரு சரிவுகளிலும் காலை வெயிலும் மாலை வெயிலும் விழுந்து புல்லை உலர்த்துகின்றன.

வாதா குடும்பத்து வீட்டின் பரணில் ஏறியபோதுதான் உண்மையான கட்டுமானம் தெரிந்தது. கீழ்ச்சட்டகம் தச்சர் வேலை. அதற்கு மேலே உள்ள கூரை ஊராரின் வேலை. கூரையில் ஆணி ஒன்றுகூட இல்லை. வைக்கோல் கயிற்றாலும், நெசோ என்னும் வளையும் இளங்கழிகளாலும் கட்டியே நிறுத்தியிருக்கிறார்கள். சாய்மரங்களின் அடி கூராகச் சீவப்பட்டு உத்தரத்தின் குழியில் வெறுமனே அமர்ந்திருக்கிறது. காற்றும் நிலநடுக்கமும் தள்ளும்போது கூரை முரண்டு பிடிக்காமல் சற்று அசைந்து கொடுக்கும். இறுகப் பிடிப்பதுதான் வலிமை என்று என் தொழிலில் நான் கற்றிருந்தது இங்கே பாதிதான் செல்லும்.

அந்தப் பரண் வெறும் பரணன்று, பட்டுப்புழு வளர்த்த தொழிற்கூடம். கீழே எரியும் கணப்பின் வெப்பம் புழுக்களுக்குப் போக, புகை கயிற்றையும் புல்லையும் பூச்சி அரிக்காமல் காத்தது. இந்தப் பள்ளத்தாக்குகளின் வீடுகளில் தரைக்கு அடியிலும் ஒரு தொழில் நடந்தது. மண்ணோடு பட்டுப்புழு எச்சத்தையும் காட்டுச் செடிகளையும் சேர்த்துக் குழியில் புதைத்துச் சில ஆண்டுகள் மக்க விட்டு, வெடிமருந்துக்கான வெடியுப்பை எடுத்தார்கள். நாளை நாங்கள் போகவிருக்கும் கொகயாமாவில் எடுத்ததைக் ககா நாட்டுச் சிற்றரசு வாங்கிக்கொண்டது. சிலி நாட்டு மலிவான வெடியுப்பு வந்து இறங்கியதும் அந்தத் தொழில் முடிந்தது. அமைதியே உருவாகத் தோன்றும் வீட்டின் அடித்தளத்தில் வெடிமருந்து விளைந்த செய்தி என்னை நெடுநேரம் விடவில்லை.

கூரையை முப்பது நாற்பது ஆண்டுகளுக்கு ஒருமுறை மாற்றி வேய வேண்டும். நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் ஒரே நாளில் ஏறி வேயும் அந்த வேலைக்குக் கூலி கிடையாது. இன்று நீ என் கூரைக்கு, நாளை நான் உன் கூரைக்கு என்னும் யூயி முறை. யார் எத்தனை ஆள் அனுப்பினார்கள், என்ன பொருள் கொடுத்தார்கள் என்று வீடுதோறும் ஏட்டில் குறித்து வைத்தார்கள் என்று வழிகாட்டி சொன்னதும், "மொய் நோட்டுதானே!" என்று அக்கா உரக்கச் சொல்லிவிட்டாள். வழிகாட்டிக்கு அதை மொழிபெயர்த்துச் சொல்ல நான் பட்ட பாடு தனிக் கதை. இன்று ஆட்கள் குறைந்ததால் பெரும்பகுதி வேய்வதைத் தொழில்முறைக் குழுக்கள் செய்கின்றன. இவ்வூராரும் 1971இல், சுமாகோவைப் போலவே, விற்காமை, வாடகைக்கு விடாமை, இடிக்காமை என்னும் மூன்றையும் உறுதி செய்துகொண்டார்கள். 1995இல் இவ்வூரும் கொகயாமாவின் இரு கிராமங்களும் சேர்ந்து உலகப் பாரம்பரியச் சின்னமாயின. தீக்கு அஞ்சி ஊரெங்கும் 59 நீர்ப்பீச்சிகள் பொருத்தியிருக்கிறார்கள். சிறிய கூரை வேய்ந்த மரப்பெட்டிக்குள் அவை ஒளிந்திருப்பதால் நான் முதலில் கோயில் என்றே நினைத்தேன்.

2024 அக்டோபர் 25, வெள்ளி – அய்னொகுரா, பிறகு கனசாவா

கொகயாமாவின் அய்னொகுராவில் இருபது கஸ்ஷோ வீடுகள் அளவுக்குத்தான் உண்டு. நேற்றைய கூட்டத்துக்குப் பிறகு இந்த அமைதியை முதலில் காது நம்பவில்லை. ககா சிற்றரசு தன் கைதிகளை நாடு கடத்திய இடம் கொகயாமா. சுற்றிலும் மலையும் ஷோ ஆறும் இருந்ததால் வேறு காவல் அதிகம் தேவைப்படவில்லை போலும்.

கிராமத்துக்கு மேலே உள்ள சரிவில் அடர்ந்த காடு நிற்கிறது. பனிச்சரிவு ஊர்மேல் இறங்காமல் தடுக்கும் அந்தக் காட்டில் மரம் வெட்டக் கூடாது என்பது பழைய கட்டுப்பாடு. கூரைப்புல் வளரும் நிலமும் இவ்வூரின் பாதுகாப்பு எல்லைக்குள்ளேயே சேர்க்கப்பட்டிருக்கிறது. வீட்டை மட்டும் காத்து, புல்லை விட்டுவிட்டால் முப்பது ஆண்டுக்குப் பின் எதைக் கொண்டு வேய்வது?

பத்தரை மணிக்கு வண்டி ஏற வேண்டியிருந்தது. மேட்டுப் புல்வெளியில் நால்வர் ஆளுயரப் புல்லை அரிவாளால் அறுத்து, கத்தை கத்தையாகக் கட்டி, தலைகளைச் சேர்த்து நிற்க வைத்துக்கொண்டிருந்தார்கள். அக்கா என்னிடம் ஒன்றும் கேட்காமலே அங்கே ஏறிப் போய், கட்டிய கத்தை ஒன்றைத் தூக்கிப் பார்த்துவிட்டு, "ஈரம் இன்னும் போகவில்லை, ரொம்பக் கனம்" என்று சொல்லிக்கொண்டே இறங்கி வந்தாள்.