சீனாவின் பிறப்புக் கணக்கை வாசிப்பது எப்படி?

2024-இல் சீனாவில் 95.4 லட்சம் குழந்தைகள் பிறந்தன. அதற்கு முந்தைய ஆண்டு 90.2 லட்சம். ஏழு ஆண்டுகளாக இறங்கிக்கொண்டே வந்த எண் ஒரு படி ஏறியதும், சரிவு நின்றுவிட்டது என்று பலர் எழுதினார்கள். நிற்கவில்லை. அதே ஆண்டில் 1.09 கோடிப் பேர் இறந்தார்கள். மொத்த மக்கள்தொகை 13.9 லட்சம் குறைந்து 140.83 கோடியானது. பிறப்பு ஏறியதற்கு இரண்டு காரணங்கள். ஒன்று, அது சீன நாட்காட்டியில் டிராகன் ஆண்டு. அந்த ஆண்டில் பிள்ளை பெறுவது விசேஷம் என்பது அங்குள்ள நம்பிக்கை. இன்னொன்று, கோவிட் காலத்தில் தள்ளிப்போன கல்யாணங்கள் 2023-இல் நடந்தது.

சீனாவில் திருமணத்துக்கு வெளியே குழந்தை பிறப்பது மிகக் குறைவு. ஆகவே அடுத்த ஆண்டின் பிறப்பை முன்கூட்டி அறிய வேண்டுமானால் இந்த ஆண்டின் திருமணப் பதிவைப் பார்த்தால் போதும். 2013-இல் 1.35 கோடி ஜோடிகள் பதிவு செய்தன. 2023-இல் 76.8 லட்சம். 2024-இல் 61 லட்சம்தான்.

ஏன் இப்படி? வீட்டு விலை, வேலைச் சுமை, படிப்புச் செலவு எல்லாம் உண்மைதான். ஆனால் அவற்றையெல்லாம் ஓர் இரவில் சரிசெய்தாலும் எண்ணிக்கை பழைய நிலைக்குத் திரும்பாது. தாயாக வேண்டியவர்களே பிறக்கவில்லையே! 1987 வாக்கில் ஆண்டுக்கு ஏறத்தாழ 2.5 கோடிக் குழந்தைகள் பிறந்தார்கள். 2003-இல் அது 1.6 கோடி. போதாததற்கு ஒரு குழந்தைக் கொள்கையோடு கருவில் பாலினம் பார்த்துக் கலைக்கும் வழக்கமும் சேர்ந்துகொள்ள, 2004 வாக்கில் 100 பெண் குழந்தைக்கு 121 ஆண் குழந்தைகள் பிறந்தார்கள். அந்த விகிதத்தில் கணக்குப் போட்டால் 1.6 கோடியில் பெண்கள் சுமார் 72 லட்சம். 2030-இல் இருபத்தாறு, இருபத்தேழு வயதில் இருக்கப்போகிறவர்கள் இவர்கள்தான். ஆளுக்கு ஒரு குழந்தை என்றால் ஆண்டுக்கு 72 லட்சம் பிறப்பு. தலைமுறை தேயாமல் இருக்க ஆளுக்கு 2.1 வேண்டும், 2020 கணக்கெடுப்பிலேயே அது 1.3-க்கு இறங்கிவிட்டது.

இந்தச் சரிவு எல்லா இடத்தையும் ஒரே நேரத்தில் தொடுவதில்லை. வயதுப் படியில் ஏறிக்கொண்டே போகிறது. முதலில் மகப்பேறு வார்டு, அடுத்து மழலையர் பள்ளி. 2023-இல் மட்டும் மழலையர் பள்ளிகளின் எண்ணிக்கை 14,808 குறைந்தது. அடுத்த ஆண்டு இன்னும் 21,000. தொடக்கப் பள்ளி முதல் வகுப்பில் 2023-இல் 1.88 கோடிப் பேர் சேர்ந்தார்கள். 2023-இல் பிறந்த 90 லட்சம் பேர் 2029-இல் அதே வகுப்பில் உட்காருவார்கள். ஆறே ஆண்டில் பாதி. முப்பது வயது ஆசிரியரை அதற்குள் ஓய்வுபெறச் சொல்ல முடியுமா?

படியின் மறுமுனையில்தான் பெரிய சிக்கல். 1962 முதல் பத்துப் பன்னிரண்டு ஆண்டுகள் பெரும் பிறப்பு அலை வீசியது. அதில் பிறந்தவர்கள் 2022 முதல் அறுபதைத் தாண்டுகிறார்கள். நகர ஊழியர் ஓய்வூதியத்துக்கு நிறுவனம் சம்பளத்தில் 16%, ஊழியர் 8% கட்டுகிறார்கள். அந்த 8% ஊழியர் பெயரில் தனிக்கணக்காகச் சேர வேண்டும். 16% பொதுத்தொகுப்புக்குப் போய் இன்றைய முதியவர்களுக்கு உடனே செலவாகிறது. தொகுப்பில் பற்றாக்குறை வந்தபோது தனிக்கணக்குப் பணத்தையும் எடுத்துக் கொடுத்தார்கள். 'காலிக் கணக்கு' என்றே அதற்குப் பெயர் விழுந்துவிட்டது. உணவு டெலிவரி ஓட்டுபவர்கள் போன்றோர் தாங்களே 20% கட்ட வேண்டும் என்பதால் பலர் சேர்வதே இல்லை.

இதில் மாகாண வேறுபாடு தனி வேதனை. வடகிழக்கில் இருக்கும் ஹெய்லோங்ஜியாங்கின் மக்கள்தொகை 2010-இல் 3.83 கோடி, 2020-இல் 3.18 கோடி. பிறப்பும் குறைவு, இளைஞர்களும் தெற்கே போய்விட்டார்கள். மகன் குவாங்டோங்கில் வேலை பார்த்து அங்கே சந்தா கட்டுகிறான். அப்பாவின் ஓய்வூதியத்தை ஹெய்லோங்ஜியாங் கொடுக்க வேண்டும். 2016-இலேயே அந்த மாகாணத்தின் ஓய்வூதியக் கையிருப்பு எதிர்மறைக்குப் போனது. 2022 ஜனவரி முதல் நாடு தழுவிய தொகுப்பு வந்து, உபரி மாகாணங்கள் பற்றாக்குறை மாகாணங்களுக்குக் கொடுக்கின்றன. அதனால் பள்ளம் தூரவில்லை, பங்கிடப்படுகிறது, அவ்வளவே.

2025 ஜனவரி முதல் ஓய்வு வயதை 15 ஆண்டுகளில் படிப்படியாக உயர்த்துகிறார்கள்: ஆண்களுக்கு 60-இலிருந்து 63, அலுவலகப் பெண்களுக்கு 55-இலிருந்து 58, தொழிலாளிப் பெண்களுக்கு 50-இலிருந்து 55. ஓய்வூதியத் தகுதிக்கான குறைந்தபட்ச சந்தாக் காலமும் 2030 முதல் ஆண்டுக்கு ஆறு மாதம் வீதம் 15-இலிருந்து 20 ஆண்டாகும். காகிதத்தில் கச்சிதம். ஆனால் 35 வயது தாண்டினாலே வேலைக்கு எடுக்கத் தயங்கும் நிறுவனங்கள் அங்கே ஏராளம். இன்னொன்றும் உண்டு: மூன்று வயதுக்குக் கீழான குழந்தைகளைப் பெரும்பாலும் பார்த்துக்கொள்வது பாட்டிமார்கள். ஐம்பதில் வீட்டுக்கு வந்துகொண்டிருந்த பாட்டியை ஐம்பத்தைந்து வரை ஆலையில் நிறுத்தினால் பேரனை யார் பார்ப்பது? ஓய்வூதியக் கணக்குக்குப் போட்ட ஒட்டு, பிறப்புக் கணக்கைக் கிழிக்கிறது.

2025-இல் அரசு அறிவித்த உதவித்தொகை, மூன்று வயது வரை ஒரு குழந்தைக்கு ஆண்டுக்கு 3,600 யுவான். மொத்தம் 10,800. பதினெட்டு வயதாகும் வரை ஒரு பிள்ளையை வளர்க்கச் சராசரியாக 5.38 லட்சம் யுவான் ஆகும் என்பது யூவா மக்கள்தொகை ஆய்வு நிறுவனத்தின் 2024 மதிப்பீடு. வகுத்துப் பார்த்தால் இரண்டு சதவீதம். ஏற்கெனவே பெற்றுக்கொள்ள முடிவெடுத்த தம்பதிக்கு இது பால் பவுடர் செலவுக்கு ஆகும். கல்யாணமே வேண்டாம் என்று இருப்பவர்களின் வாசலுக்கு இந்தப் பணம் போய்ச் சேர்வதே இல்லை.