முகூர்த்தப் புடவையோடு லண்டனுக்கு

ஜூலை 12, 2025, சனி. நங்கநல்லூர்

பீரோவின் மேல்தட்டிலிருந்து என் முகூர்த்தப் புடவையை இன்று வெளியே எடுத்தேன். மகளுக்கு ஆகஸ்ட் 31 அன்று லண்டனில் கல்யாணம். "புதுசு வேண்டாம்மா, நீ கட்டின புடவையைத்தான் கட்டிக்குவேன்" என்று போன மாதமே சொல்லிவிட்டாள். முகூர்த்தப் புடவையை மாப்பிள்ளை வீட்டார் எடுப்பது எங்கள் பக்கத்து வழக்கம். சம்பந்தியம்மாவிடம் இதை எப்படிக் கேட்பது என்று எனக்கு ஒரே தயக்கம். அவரோ, "நாங்க எடுக்கறதை ரிசப்ஷனுக்குக் கட்டட்டும்" என்று ஒரே பேச்சில் முடித்துவிட்டார். அந்த நல்ல மனசை நான் மறக்க மாட்டேன்.

1992இல் காஞ்சிபுரம் காந்தி ரோட்டில் எடுத்த புடவை இது. அரக்கு உடல், கரும்பச்சைக் கரை, கோர்வை நெசவு. கரைக்கும் உடலுக்கும் நிறம் வேறு என்பதால் தறியில் மூன்று நாடா (ஊடு நூலைக் குறுக்கே கொண்டுபோகும் கட்டை) ஓட வேண்டும், நெசவாளருக்குத் துணையாக இன்னொருவர் உட்கார வேண்டும். ஜரிகை அந்தக் காலத்து ஜரிகை. சிவப்புப் பட்டு நூலில் வெள்ளிக் கம்பியைச் சுற்றி, அதன்மேல் தங்க முலாம் பூசியது. சமையலறைத் தராசில் வைத்துப் பார்த்தேன், 940 கிராம்.

விரித்துப் பார்த்தபோதுதான் நெஞ்சு பதறியது. நடு மடிப்பில் நான்கு விரல் நீளத்துக்குப் பட்டு விட்டுப் போயிருந்தது. மூன்று வருடமாக மடிப்பு மாற்றாமல் விட்டது என் தப்பு. ஒரே மடிப்பில் கிடந்தால் ஜரிகையின் கனமே பட்டை அறுத்துவிடும்.

ஆகஸ்ட் 6, புதன்

டார்னிங் கொடுத்த புடவை வந்துவிட்டது. மாம்பலத்தில் ஒரு பெரியவர், கண்ணாடியை மூக்கு நுனிக்கு இறக்கிவிட்டுக்கொண்டு, புடவையின் உள்முனையிலிருந்தே இழை உருவி, விட்டுப்போன இடத்தை ஊடும் பாவுமாக அடைத்திருக்கிறார். விரலால் தடவினால்தான் இடம் தெரிகிறது. ரோலிங் (உருளையில் இழுத்துச் சுருக்கம் எடுப்பது) போடலாமா என்று கேட்டதற்கு, "பழைய பட்டும்மா, இழுவை தாங்காது. உள்பக்கம் துணி போட்டு, சூடு கம்மியா வச்சு வீட்டிலேயே தேயுங்க" என்றார்.

ஜாக்கெட்டுக்குக் கரையின் பச்சையிலேயே பட்டுத் துணி எடுத்தாயிற்று. அளவை மகள் வாட்ஸ்அப்பில் அனுப்பினாள்.

ஆகஸ்ட் 21, வியாழன்

இன்று முழுக்க மூட்டை கட்டும் வேலை. என் வீட்டுக்காரர் 28ஆம் தேதிதான் வருகிறார், நான் முன்னால் போகிறேன்.

புடவையை பிளாஸ்டிக் கவரில் வைக்கக் கூடாது, ஈரம் உள்ளேயே நின்று ஜரிகை கறுத்துவிடும். அந்துருண்டையும் கிட்டே வரக் கூடாது. அவருடைய துவைத்துத் துவைத்து மெத்தென்றான மல் வேட்டி ஒன்றை எடுத்து, மடிப்புகளுக்கு நடுவே இன்னொரு பழைய துணியைச் சுருட்டி வைத்து (மடிப்பு கூர்மையாக விழாமல் இருக்க), பொட்டலமாகச் சுற்றினேன். மேலே ஒரு மஞ்சள் பை.

கைப்பைக்கு 7 கிலோதான் கணக்கு. புடவை, மாங்கல்யம், மருந்து, மாற்றுத்துணி ஒரு செட் என்று வைத்ததில் 6.8 வந்துவிட்டது. அதனால் ஜாக்கெட், உள்பாவாடை, ரிசப்ஷனுக்கு என் தங்கை எடுத்துக் கொடுத்த சின்னப் பட்டு எல்லாம் பெரிய பெட்டியில். தின்பதற்கு முறுக்கும் பொருள்விளங்கா உருண்டையும் மட்டும். பால் சேர்ந்த பண்டத்தை இங்கிருந்து பிரிட்டனுக்குக் கொண்டுபோகக் கூடாது என்று மகள் சொல்லியிருந்தாள். கொப்பரையை விமானத்திலேயே ஏற்ற விடமாட்டார்கள். தேங்காய், வெற்றிலை, மாலை எல்லாம் லண்டனில் ஈஸ்ட் ஹாம் பகுதிக் கடைகளிலேயே கிடைக்குமாம்.

அங்கே இறங்கும்போது 390 பவுண்டு மதிப்புக்கு மேல் புதுப்பொருள் இருந்தால் சுங்கத்தில் சொல்ல வேண்டும். தங்கை கொடுத்த பட்டுக்கு பில் இருக்கிறது, 18,000 ரூபாய், ஏறக்குறைய 155 பவுண்டு. 33 வருடத்துப் புடவைக்கு பில்லுக்கு எங்கே போவது? எங்கள் கல்யாண ஆல்பத்திலிருந்து நான் அதைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கும் படம் ஒன்றை எடுத்துப் பாஸ்போர்ட்டோடு வைத்துக்கொண்டேன்.

ஆகஸ்ட் 23, சனி. இரவு, லண்டன்

மீனம்பாக்கத்தில் ஸ்கேனரில் பை நின்றுவிட்டது. ஜரிகை உலோகம் இல்லையா, கட்டியாகத் தெரிந்திருக்க வேண்டும். பாதுகாப்புப் பணியில் இருந்த பெண் திறக்கச் சொன்னார். நான் வேட்டியை மேசையில் விரித்து, அதன்மேல் பிரித்துக் காட்டினேன். கையுறையோடு கரையை மட்டும் மெல்லத் தூக்கிப் பார்த்துவிட்டு, "கல்யாணப் புடவையாம்மா? பொறுமையா மடிச்சு எடுத்துக்கோங்க" என்றார். பின்னால் வரிசை நீண்டுகொண்டிருந்தது, ஆனாலும் அவர் அவசரப்படுத்தவில்லை.

இடையில் விமானம் மாறிய இடத்தில்தான் பெரிய சங்கடம். கூட்டம் நிறைந்து, மேலே பை வைக்க இடமில்லை, கைப்பைகளைக் கீழே சரக்கு அறைக்கு அனுப்பச் சொன்னார்கள். நான் வாக்குவாதம் செய்யவில்லை. பையைத் திறந்து, மஞ்சள் பையையும் மாங்கல்யப் பெட்டியையும் மருந்தையும் கையில் எடுத்துக்கொண்டு, மிச்சத்தை அவர்களிடம் கொடுத்தேன். ஏழு மணி நேரமும் புடவை என் மடியில். சாப்பாட்டுத் தட்டு வந்தபோது வேண்டாம் என்றுவிட்டேன், குழம்பு சிந்தினால் யார் பதில் சொல்வது? மகள் பிறந்தபோது மருத்துவமனையிலிருந்து ஆட்டோவில் அவளை இப்படித்தான் மடியில் வைத்து வந்தேன் என்று நினைவு வந்தது. கண் கலங்கிவிட்டது.

ஹீத்ரோவில் கைப்பை வந்தது. பெரிய பெட்டி வரவில்லை. பெல்ட் காலியாகச் சுற்றி நின்றே போனது. ஜாக்கெட் அதற்குள் இருக்கிறது.

ஆகஸ்ட் 24, ஞாயிறு

நேற்று எழுத முடியாததை இன்று எழுதுகிறேன். பெட்டி வராவிட்டால் வெளியே வருவதற்கு முன்பே கவுண்டரில் புகார் பதிந்து எண் வாங்கிவிட வேண்டும். மாப்பிள்ளை போனில் சொல்லச் சொல்ல அதைச் செய்தேன். பெட்டியின் டேக் துண்டைப் பத்திரமாக வைத்திருந்ததும் உதவியது.

மாப்பிள்ளை இன்று உட்கார்ந்து விதிகளைப் படித்துச் சொன்னார். 1999 மான்ட்ரியல் உடன்படிக்கைப்படி பெட்டி தாமதமானாலோ தொலைந்தாலோ ஒரு பயணிக்கு 1,519 எஸ்.டி.ஆர் (சர்வதேச நாணய நிதியத்தின் கணக்கு அலகு) வரைதான் விமான நிறுவனத்தின் பொறுப்பு, ஏறக்குறைய 1,500 பவுண்டு. 21 நாள் வராவிட்டால் தொலைந்ததாகக் கணக்கு. கல்யாணம் ஏழாம் நாள்! இருபத்தொன்றை வைத்துக்கொண்டு நான் என்ன செய்வேன்?

நாளை இங்கே பேங்க் ஹாலிடே. தையற்கடை திறக்காது.

ஆகஸ்ட் 26, செவ்வாய்

கடை திறக்கும்போதே ஈஸ்ட் ஹாமில் நின்றோம். அதே பச்சை கிடைக்கவில்லை, கொஞ்சம் வெளிறிய பச்சைதான். தைக்கும் அக்கா யாழ்ப்பாணத்துக்காரர். "கூறைக்குச் சட்டை இல்லாமல் விடுவமே? வெள்ளிக்கிழமை வந்து எடுங்கோ" என்றார். அந்த வார்த்தைக்குப் பிறகுதான் ஒரு காபி தொண்டையில் இறங்கியது.

அப்படியே ஹைகேட் முருகன் கோயிலுக்குப் போனோம். ஆர்ச்வே ரோட்டில் நடந்துபோகும்போது மகள் என் கையைப் பிடித்துக்கொண்டாள். "ஜாக்கெட் போனா போகட்டும்மா, புடவை வந்துடுச்சே" என்றாள்.

ஆகஸ்ட் 28, வியாழன்

பெட்டி வந்துவிட்டது! நேற்று பிள்ளையாருக்குக் கொழுக்கட்டை செய்யும்போதுகூட மனம் அதில்தான் இருந்தது. ஒரு சக்கரம் உடைந்து, ஒரு மூலை நனைந்திருக்கிறது. முறுக்கு நமத்துவிட்டது. ஜாக்கெட் நடுவில் இருந்ததால் தப்பித்தது. பெட்டி உடைந்ததை ஏழு நாளுக்குள் எழுத்தில் கொடுக்க வேண்டும், மாப்பிள்ளை படத்தோடு இன்றே அனுப்பிவிட்டார்.

மூன்று துணிதான், எல்லாம் சேர்த்தால் ஒரு கிலோ தேறுமா? என் மாற்றுத்துணியைப் பெட்டியில் போட்டுவிட்டு இவற்றைக் கைப்பையில் வைத்திருக்கலாம். சென்னையில் தராசு முன்னால் நிற்கும்போது இது தோன்றவில்லை.

தைக்கச் சொன்ன பச்சை ஜாக்கெட்டை வாங்கிக்கொள்வோம், அந்த அக்காவின் உழைப்பு வீணாகக் கூடாது. சின்னப் பட்டுக்கு அது பொருந்தும். இரவு என் வீட்டுக்காரரும் வந்து சேர்ந்தார்.

ஆகஸ்ட் 31, ஞாயிறு

தட்டில் தேங்காய், மஞ்சள், மாங்கல்யத்தோடு புடவையை வைத்து எல்லோரும் தொட்டு ஆசீர்வாதம் செய்தார்கள். சம்பந்தியம்மாதான் எடுத்து அவள் கையில் கொடுத்தார். நானே கட்டிவிட்டேன். டார்னிங் போட்ட இடம் உள்கொசுவத்துக்குள் போய்விட்டது. ஜரிகையில் படக் கூடாது என்பதால் கட்டுவதற்கு முன்பே சென்ட் போட்டுக்கொள்ளச் சொல்லியிருந்தேன்.

அவள் வெளியே வந்தபோது என் வீட்டுக்காரர் எழுந்து நின்றுவிட்டார். ஒன்றும் பேசவில்லை.

செப்டம்பர் 2, செவ்வாய்

இரண்டு இரவு நிழலில் கொடியில் காற்றாடவிட்டு, இன்று மடித்தோம். புடவை இனி இங்கேதான், அவளிடம். மூன்று மாதத்துக்கு ஒருமுறை மடிப்பை மாற்று என்று சொன்னேன், போனில் நினைவூட்டல் போட்டுக்கொண்டாள். ஐந்தரை மீட்டரை நீட்டிப் பிடிக்க அந்த வீட்டு ஹால் போதவில்லை. நான் சன்னலோரம் நிற்க, அவள் முந்தானையைப் பிடித்துக்கொண்டு பின்னாலேயே நடந்து சமையலறைக்குள் போய்விட்டாள். "இழுத்துப் பிடிக்காதே கண்ணு, சும்மா ஏந்திக்கோ" என்று இங்கிருந்து குரல் கொடுத்தேன்.