ஐந்தாம் காட்சி

"இந்தக் காட்சி வேண்டாம்மா" என்று நான் சொன்னேன். "எந்தக் காட்சி சேர்?" என்று அவள் கேட்டாள். எந்தக் காட்சி என்று அவளுக்கு நன்றாகத் தெரியும். அதைத்தான் நான் விரலால் தொட்டுக்கொண்டிருந்தேன்.

வலய மட்ட நாடகப் போட்டிக்குப் பதினொராம் தரத்துப் பிள்ளை எழுதிய பிரதி அது. நாயகன் ஒரு தேயிலைத் தோட்டத்தின் தொழிற்சங்கத் தலைவர். நேரத்தை நிறுத்தத் தெரிந்தவர். கொழுந்து நிறுக்கும் மடுவத்தில் ஆள் கூடியாயிற்று, கூடையில் இன்னும் இரண்டு கிலோ குறைகிறது, அரைப்பேர்தான், பாதி நாள் சம்பளம்தான் விழப்போகிறது என்று ஒரு பெண் தவிக்கும்போது அவர் சட்டைப்பைக்குள் கையை விடுவார். தோட்டத்தை நிர்வகிக்கும் துரையின் மோட்டார் சைக்கிள், கணக்கப்பிள்ளையின் பேனா, மலையில் இறங்கும் மூடுபனி எல்லாம் அப்படியே நின்றுவிடும். பெண்களின் கைகள் மட்டும் கொழுந்து பறித்துக்கொண்டிருக்கும்.

அந்த நேரம் எங்கிருந்து வருகிறது என்பதுதான் ஐந்தாம் காட்சி. சம்பளத்தில் சங்கச் சந்தா வெட்டுவதுபோல, மாதம் ஒரு நாளை ஒவ்வொருவர் ஆயுளிலிருந்தும் தலைவர் எடுத்துக்கொண்டிருக்கிறார். யாரிடமும் கேட்கவில்லை. அதில் ஒரு பங்கைத் தமக்கும் வைத்துக்கொள்கிறார். தொழிலாளர் குடியிருக்கும் லயமே கிழடாகும்போது அவர் தலை மட்டும் நரைக்கவில்லை. கடைசியில், கொழுந்து லொறியில் ஏற்றிய ஒரு பிரசவக்காரி ஆஸ்பத்திரி போய்ச் சேரும்வரை நேரத்தைப் பிடித்து வைத்து, சேர்த்ததையெல்லாம் அதிலேயே செலவழித்துவிட்டுச் சாகிறார். அவருக்குச் சிலை வைப்பதா வேண்டாமா என்று மேல் லயமும் கீழ் லயமும் அடித்துக்கொள்வதோடு திரை.

இந்தக் கற்பனை எங்கிருந்து பிடித்தாய் என்று கேட்டேன். அம்மாயி, அவளுடைய பாட்டி, சொன்ன 1996 கதை என்றாள். எனக்கும் அது நினைவிருக்கிறது. மழை பொய்த்து, நீர்த்தேக்கங்கள் வற்றி, மின்வெட்டு வந்த வருடம். மின்சாரத்தை மிச்சப்படுத்த மே மாதம் இலங்கை முழுக்கக் கடிகாரத்தை ஒரு மணித்தியாலம் முன்னே தள்ளினார்கள். ஒக்டோபரில் அரை மணித்தியாலத்தைத் திருப்பிக் கொடுத்தார்கள். மீதி அரை மணித்தியாலம் 2006 ஏப்ரலில்தான் திரும்பி வந்தது. பழைய நேரமா புது நேரமா என்று எதற்கெடுத்தாலும் கேட்போம். அவர்கள் தோட்டத்துத் தலைவர் துரையிடம் சண்டை போட்டுப் காலையில் வேலைக்கு ஆள் கணக்கெடுக்கும் பிரட்டைப் பழைய நேரத்துக்கே வைக்கச் செய்தாராம். இருட்டில், அட்டைக்கடியில் மலையேற வேண்டாமல் போயிற்றே என்று அம்மாயி இன்னும் அவரைக் கும்பிடுகிறாராம். அதே அம்மாயி, தன் சேமலாப நிதிக் கடுதாசியைச் சரிபண்ணித் தருகிறேன் என்று வாங்கிப்போய்த் தொலைத்தவரும் அவர்தான் என்று திட்டுகிறாராம்.

"அவர் நல்லவரா கெட்டவரா, நீ முதலில் முடிவு பண்ணு" என்றேன்.

"அம்மாயிக்கே தெரியாது சேர்."

அந்தப் பதிலோடு நான் நிறுத்தியிருக்கலாம். நிறுத்தவில்லை. தொழிற்சங்க முன்னோடி நடேசய்யர் 1931 இல் தோட்டத் தொழிலாளருக்கென்று சங்கம் கட்டியதைச் சொன்னேன். 1940 இல் முல்லோயாத் தோட்டத்து வேலைநிறுத்தத்தில் பொலிஸ் சூட்டில் செத்த தொழிலாளி கோவிந்தனைச் சொன்னேன். 1948 இல் தோட்டத்துச் சனத்தின் குடியுரிமை பறிபோனதையும், 1984 இல்தான் பெண்ணுக்கும் ஆணுக்கும் ஒரே நாட்சம்பளம் கிடைத்ததையும் சொன்னேன். இவ்வளவு பட்ட சனத்தின் தலைவரை நம் பிள்ளையே மேடையில் வைத்துத் திருடனாகக் காட்டலாமா என்று கேட்டேன். அதில் ஒரு சொல்கூடப் பொய்யில்லை. இன்றைக்கும் நான் அதை நம்புகிறேன்.

ஆனால் அன்றைக்கு என் மனதில் இருந்தது கோவிந்தன் இல்லை. முன்வரிசையில் உட்காரப்போகும் இரண்டு சங்கத்துத் தலைவர்கள்தான். மேடைக்குத் தகரம் கொடுத்தவர் ஒருவர், பிள்ளைகளை ஏற்றிப்போக வான் பிடித்துத் தருகிறேன் என்றவர் மற்றவர். நான் ஒரு காட்சியால் வானை இழந்தால் பன்னிரண்டு பிள்ளைகள் போட்டிக்கே போக முடியாது. அதுவும் உண்மைதான். அதை அவளிடம் சொல்லியிருந்தால் அவளே வேறு வழி கண்டுபிடித்திருப்பாள். சொல்லாமல், வரலாற்றைச் சொன்னேன். பதினாறு வயதுப் பிள்ளை கோவிந்தனுக்கு எதிராக என்ன பேசும்?

"சரி சேர், எடுத்துடுறேன்." கொப்பியை வாங்கி அவளே பென்சிலால் குறுக்கே ஒரு கோடு போட்டாள். முகத்தில் கோபமில்லை. கோபப்பட்டிருந்தால் எனக்கு இவ்வளவு காலம் நினைவிருந்திருக்காது என்று நினைக்கிறேன்.

போட்டியில் முதலிடம் கிடைத்தது. பிரசவக் காட்சியில் மண்டபமே அழுதது, முன்வரிசை உட்பட. அதைப் பார்த்தபோது நான் செய்தது சரிதான் என்று பட்டது. அப்புறம் வெளியே தேநீர் குடிக்கும்போது அவளுடைய அம்மாயி என்னிடம் வந்தார். பேத்திக்குப் பரிசு கிடைத்த சந்தோஷம் முகத்தில் நிறைந்திருந்தது. என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"நல்லா இருந்துச்சுங்க சேர். ஒன்னுதான் வெளங்கல. அந்த மனுசன் அவ்வளவு நேரத்த எங்கருந்து எடுத்தாரு? எதுக்குச் செத்தாரு?"

அவள் பக்கத்தில்தான் நின்றாள். நான் பதில் சொல்வேன் என்று என்னைப் பார்த்தாள்.

"நாடகம்தானே அம்மா" என்றேன்.

இன்னொரு முறை அதே நிலைமை வந்தாலும், அதே வான், அதே முன்வரிசை என்றால், அநேகமாக நான் அதையேதான் செய்வேன். அவள் இப்போது கொழும்பில் ஒரு துணிக்கடையில் வேலை செய்கிறாள். தீபாவளிக்கு வந்தால் வணக்கம் சொல்லிவிட்டுப் போவாள். எழுதுகிறாயா என்று கேட்க ஒவ்வொரு வருடமும் நினைக்கிறேன். கொப்பி என் மேசை இலாச்சியில்தான் இருக்கிறது.